கண்ணாடிக்கு வெளியே ஒரு தட்டி

கத்திரி வெயில் காலத்தில் மாலை 4 மணிக்கு, மேற்குப் பார்த்த படுக்கையறையின் ஜன்னல் திரையைத் தொட்டால் அப்போதுதான் இஸ்திரி போட்ட துணிபோலச் சுடும். கட்டிலில் ஒரு பொட்டு வெயில் இல்லை. ஆனாலும் அறை கொதிக்கும். காசு கொடுத்து கனமான திரை வாங்கி மாட்டியவர்களுக்கு இது பெரிய ஏமாற்றம்.

காரணம், திரை இருக்கும் இடம். சாதாரண ஜன்னல் கண்ணாடி, தன்மேல் படும் வெயிலின் வெப்பத்தில் சுமார் 80 சதவீதத்தை உள்ளே விட்டுவிடும். அதைத் தாங்கிச் சூடாகும் திரை, அந்தச் சூட்டை அறைக்குள்தான் இறக்குகிறது. துணியிலிருந்து கிளம்பும் வெப்பக் கதிரைக் கண்ணாடி வெளியே விடுவதில்லை. கறுப்பு, அடர்நீலம் போன்ற நிறங்கள் இன்னும் மோசம். வெளிர்நிறத் துணி ஒரு பங்கையாவது திருப்பி அனுப்பும். எனவே மறைப்பு கண்ணாடிக்கு வெளியே இருக்க வேண்டும். செலவைவிட இதுதான் முக்கியம்.

எல்லா ஜன்னலையும் மூட வேண்டியதில்லை. ஏப்ரல் கடைசி வாரத்தில் சென்னையில் நண்பகல் சூரியன் தலைக்கு நேர் மேலே வருகிறது. அதன்பின் ஆகஸ்ட் நடுப்பகுதி வரை சற்று வடக்கே சாய்ந்தே உச்சியைக் கடக்கிறது. அதனால் மே மாதத்தில் தெற்கு ஜன்னலுக்குத் தொல்லை குறைவு. மேற்கில் அப்படியில்லை. சாயும் வெயில் சன்ஷேடுக்குக் கீழே புகுந்து நேராக உள்ளே வரும். பகல் முழுக்கச் சுவர் சூடேறியிருக்கும் நேரத்தில் இதுவும் சேர்ந்துகொள்கிறது.

மலிவான வழி, நர்சரிகளில் பந்தல் போடும் பச்சை வலை. மீட்டர் கணக்கில் கிடைக்கும். 50, 75, 90 என்று சதவீதம் சொல்லிக் கேட்க வேண்டும். 75 என்றால் முக்கால் பங்கு வெளிச்சத்தை மறைக்கும். மேற்கு ஜன்னலுக்கு அதுவே போதும், காற்றும் வரும். ஓரத்தை மடித்துத் தைத்து, சன்ஷேடின் விளிம்பிலிருந்து கயிற்றில் கட்டித் தொங்கவிடலாம். கண்ணாடியோடு ஒட்டாமல் அரை அடியாவது இடைவெளி விட்டால், நடுவே சூடாகும் காற்று மேலே ஏறி வெளியேறிவிடும். கதவு வெளிப்பக்கம் திறக்கும் ஜன்னலென்றால் வலையை இன்னும் தள்ளிக் கட்ட வேண்டும்.

வலை பிடிக்காதவர்களுக்குப் பனையோலைத் தட்டியும் மூங்கில் தட்டியும் இருக்கின்றன. தண்ணீர் தெளித்த வெட்டிவேர்த் தட்டி, வேலூர், திருச்சி போன்ற வறண்ட வெயிலடிக்கும் ஊர்களில் அருமையாகக் குளிரும். கடற்காற்றின் ஈரம் நிறைந்த சென்னையில் அந்த அளவுக்குப் பலன் தராது. ஓலையும் மூங்கிலும் தீப்பற்றும் பொருட்கள். சமையலறை ஜன்னலில் வேண்டாம், தீபாவளிக்கு முன் கழற்றி வைத்துவிடுங்கள்.

பலர் அலுமினிய ஃபாயிலைக் கண்ணாடியின் உட்புறம் ஒட்டுகிறார்கள். வெளிச்சத்தை முழுதாக மறைக்கும், வெப்பத்தையும் ஓரளவு திருப்பும். ஆனால் கண்ணாடி அளவுக்கு மீறிச் சூடாகி விரிசல் விடலாம், குறிப்பாக நிறக் கண்ணாடி. வேறு வழியே இல்லையென்றால் ஃபாயிலை அட்டையில் ஒட்டி, கண்ணாடியிலிருந்து சற்றுத் தள்ளி நிறுத்துவது நல்லது.

இரவுப் பணி முடித்துப் பகலில் தூங்குகிறவர்களின் தேவை வேறு: அவர்களுக்கு இருட்டும் வேண்டும். வெளியே வலை, உள்ளே இரண்டடுக்குத் துணி என்று சேர்த்துப் போடலாம். கண்ணாடியைப் பார்க்கும் பக்கம் பழைய வெள்ளை வேட்டி, அறைப் பக்கம் கெட்டியான பெட்ஷீட். வெளிச்சம் பெரும்பாலும் ஓரங்களில்தான் கசியும். திரையை ஜன்னலைவிட இரு பக்கமும் அரை அடி அகலமாகத் தைத்துக்கொள்ளுங்கள்.

பொழுது சாய்ந்ததும் வலையைச் சுருட்டி, ஜன்னலைத் திறந்துவிடுங்கள். பகலில் சுவர் குடித்த சூடு வெளியேற அந்தக் காற்று வேண்டும்.