அந்தி நேரத்துக்குச் சலாட் இலைச் சுருள்

சுங்கை ரெங்கம் என்னும் தோட்டப் பகுதியாக இருந்த ஷா ஆலம் 1978-ஆம் ஆண்டில் சிலாங்கூரின் தலைநகராயிற்று. பால்வாளி சுமந்த தாய்மாரின் மகள்கள் தொழிற்சாலைகளுக்குப் போகலானார்கள். வேலை முடிந்து ஏழு மணிக்கு வீடு திரும்பும் பெண்ணுக்கு இன்றும் அடுப்படி இரண்டாவது வேலைதான். அதை அரை மணி நேரத்தில் முடிக்க ஒரு வழி சொல்கிறேன்.

நால்வருக்குத் தேவையானவை: கேமரன் மலைச் சலாட் இலை 12, கொத்திய கோழி இறைச்சி 300 கிராம், துருவிய கேரட் 1, பூண்டு 4 பல், கிச்சாப் 2 மேசைக்கரண்டி, எலுமிச்சை பாதி.

இலைகளை ஒவ்வொன்றாக ஓடும் நீரில் கழுவி நன்றாக வடியவிடுங்கள். ஈரம் இருந்தால் கலவை சொட்டும். எண்ணெயில் பூண்டை வதக்கி இறைச்சியைப் போட்டு, சிவப்பு நிறம் அறவே மாறும்வரை கிளறுங்கள். கேரட்டும் கிச்சாப்பும் சேர்த்து, நீர் வற்றியதும் இறக்கி, எலுமிச்சை பிழியுங்கள். சைவ உணவுக்காரர்கள் பொடியாக நறுக்கி வறுத்த தெம்பே சேர்க்கலாம். பசி தாங்காதவர்கள் உள்ளே ஒரு பிடி சோறும் வைத்துக்கொள்ளலாம்.

வெற்றிலை மடிக்கத் தெரிந்த நமக்கு இலை மடிக்கச் சொல்லித்தர வேண்டுமா? கலவையை நடுவில் வைத்துவிடுங்கள். அவரவர் இலையை அவரவரே மடிக்கட்டும். தன் கையால் செய்ததைப் பிள்ளை எளிதில் ஒதுக்காது என்பதை வகுப்பறையிலும் காண்கிறேன்.

இதில் நின்றுகொண்டு பரிமாறும் வேலையே இல்லை. ஆகவே சகோதரிகளே, அன்றைக்காவது நீங்களும் பிள்ளைகளோடு உட்கார்ந்து, சூடு ஆறுமுன் சாப்பிடுங்கள்.