விட்கென்ஸ்டைனின் மொழி மெய்யியல்: அறிஞர் விளக்கங்கள்

லுட்விக் விட்கென்ஸ்டைன் (1889–1951) வியன்னாவில் பிறந்து கேம்பிரிட்ஜில் மறைந்த மெய்யியலாளர். 20ஆம் நூற்றாண்டின் மொழி மெய்யியல் குறித்த எந்த நூலும் அவர் பெயரைத் தவிர்ப்பதில்லை. ஆனால் "விட்கென்ஸ்டைன் இவ்வாறு கூறினார்" என்ற வரியைப் படிக்கும் மாணவர், அது யார் படித்துச் சொல்லும் விட்கென்ஸ்டைன் என்றும் கேட்டுக்கொள்ள வேண்டும். அவருடைய ஒரே பத்தியை வைத்துக்கொண்டு, ஒருவர் ஒரு சொல்லால் எதைக் கருதினார் என்பதற்கு உறுதியான ஆதாரம் எதுவும் இல்லை என்று ஓர் அறிஞர் வாதிட்டிருக்கிறார். அந்தப் பத்தி அதை மறுக்கவே எழுதப்பட்டது என்று வேறு இருவர் வாதிட்டிருக்கிறார்கள்.

நூல்கள் வந்த விதம்

இந்த வேறுபாட்டுக்கு ஒரு காரணம் அவருடைய நூல்கள் அச்சேறிய விதம். வாழ்நாளில் அவர் வெளியிட்ட நூல்கள் இரண்டு. ஒன்று, 1921இல் செருமன் மொழியிலும் 1922இல் ஆங்கில மொழிபெயர்ப்புடனும் வந்த 'டிராக்டேட்டஸ்' என்னும் சிறு நூல். மற்றொன்று மெய்யியல் நூலே அல்ல. 1926இல் தொடக்கப் பள்ளிப் பிள்ளைகளுக்காக அவர் தொகுத்த ஓர் அகராதி. 1920 முதல் 1926 வரை ஆஸ்திரியாவின் சிற்றூர்ப் பள்ளிகளில் அவர் ஆசிரியராக இருந்தார். ஒரு மாணவனை அடித்து, அவன் மயங்கி விழுந்ததோடு அந்த வேலை முடிந்தது. ஒரு பிள்ளை ஒன்றைப் "புரிந்துகொண்டது" என்று எப்போது சொல்லலாம் என்ற கேள்வி அவருடைய பிற்கால எழுத்தில் திரும்பத் திரும்ப வருவதற்கும் அந்த ஆறு ஆண்டுகளுக்கும் தொடர்பு இல்லாமல் இருக்க முடியாது.

இறக்கும்போது அவர் விட்டுச் சென்ற கையெழுத்துப் படிகளும் தட்டச்சுப் படிகளும் ஏறத்தாழ 20,000 பக்கங்கள். அவற்றைப் பாதுகாக்கும் பொறுப்பு ரஷ் ரீஸ், எலிசபெத் ஆன்ஸ்கம், ஃபான் ரிக்ட் ஆகிய மூவரிடம் வந்தது. ஆன்ஸ்கமும் ரீஸும் பதிப்பித்த 'மெய்யியல் ஆய்வுகள்' 1953இல் வெளிவந்தது. அதில் இரண்டாம் பகுதி என்று சேர்க்கப்பட்டது அந்த நூலைச் சேர்ந்ததுதானா என்ற ஐயம் நீடித்து, 2009இல் வந்த நான்காம் பதிப்பு அதற்கு வேறு தலைப்பிட்டுத் தனித் துணுக்காக அச்சிட்டது. ஆக, உரையாசிரியர்கள் மோதிக்கொள்வதற்கு முன்பே, எது மூலம் என்பதிலேயே பதிப்பாசிரியர்களின் தீர்ப்பு கலந்துவிட்டது. நம் பழைய இலக்கண நூல்களின் பாடவேறுபாடுகளோடு பழகியவர்களுக்கு இது புதிதல்ல.

சொல்லும் வேலையும்

'மெய்யியல் ஆய்வுகள்' தொடக்கத்தில் ஒரு கொத்தனாரும் உதவியாளரும் வருகிறார்கள். அவர்கள் மொழியில் நான்கே சொற்கள். ஒவ்வொன்றும் ஒரு வகைக் கல்லையோ தூணையோ உத்திரத்தையோ குறிக்கும். ஒருவர் சொல்லைக் கூவ, மற்றவர் அதைக் கொண்டுவருகிறார். கூனிமேடு அமைந்துள்ள மரக்காணம் கடற்கரையில் இதற்கு இணையான காட்சியை உப்பளத்தில் காணலாம். பாத்திக்குள் நிற்பவர் "பலகை" என்று குரல் கொடுத்தால், வரப்பில் நிற்பவர் உப்பு வாரும் பலகையை எடுத்து நீட்டுவார். அங்கே அச்சொல் ஒரு மரத்துண்டின் பெயராக மட்டும் நிற்கவில்லை. வேலையின் ஓர் அங்கமாகவே இருக்கிறது. இப்படிச் சொல்லும் செயலும் பின்னிக் கிடப்பதை விட்கென்ஸ்டைன் 'மொழி விளையாட்டு' என்றார்.

அதேபோல் 'உப்பு' என்ற சொல்லை எடுத்துக்கொள்ளலாம். வேதியியல் ஆசிரியருக்கு மயில்துத்தமும் ஓர் உப்பு. அதை யாரும் இரசத்தில் போடுவதில்லை. உப்புச் சப்பில்லாத பேச்சு என்கிறோம். அங்கே நாக்குக்கு வேலையே இல்லை. இவை எல்லாவற்றுக்கும் பொதுவான ஒரே இயல்பைத் தேடினால் கிடைக்காது. ஒரு குடும்பத்தில் ஒருவருக்குத் தந்தையின் மூக்கும் இன்னொருவருக்குத் தாயின் நடையும் வாய்ப்பதுபோல, ஒற்றுமைகள் ஒன்றன்மேல் ஒன்று படிந்து செல்கின்றன. இதற்குக் 'குடும்பச் சாயல்' என்று பெயர்.

இதிலிருந்து "பொருள் என்பது பயன்பாடே" என்ற கோட்பாட்டை அவர் நிறுவினார் எனப் பாடநூல்கள் பல சுருக்கிவிடுகின்றன. பெரும்பாலான இடங்களில், ஆனால் எல்லா இடங்களிலும் அல்ல என்ற அவருடைய எச்சரிக்கை அந்தச் சுருக்கத்தில் காணாமல் போகிறது.

விதியைப் பின்பற்றுதல்: கிரிப்கியும் எதிர்ப்பாளர்களும்

அதிக விவாதத்தைக் கிளப்பிய விளக்கம் அமெரிக்க மெய்யியலாளர் சால் கிரிப்கி 1982இல் வெளியிட்டது. அதற்கு அடிப்படை 'மெய்யியல் ஆய்வுகள்' நூலில் வரும் ஒரு வகுப்பறைக் காட்சி. மாணவனிடம் இரண்டிரண்டாகக் கூட்டி எழுதச் சொல்கிறார்கள். 1000 வரை சரியாக எழுதுகிறான். அதன்பின் 1004, 1008 என்று போகிறான். தவறு என்று சுட்டினால், முன்பு செய்ததையேதான் செய்கிறேன் என்கிறான்.

கிரிப்கி இதைக் கூர்மையாக்கினார். ஒருவர் இதுவரை 57க்குக் குறைந்த எண்களை மட்டுமே கூட்டியிருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். இப்போது 68ஐயும் 57ஐயும் கூட்டி 125 என்கிறார். ஓர் ஐயவாதி கேட்கிறார்: 'கூட்டல்' என்ற சொல்லால் நீங்கள் இதுவரை கருதியது வேறொரு கணக்காக ஏன் இருக்கக்கூடாது? இரண்டு எண்களும் 57க்குக் குறைவாக இருந்தால் வழக்கமான விடை, இல்லாவிட்டால் 5 என்பது அந்தக் கணக்கு. இதுவரை போட்ட கணக்குகள் இரண்டுக்குமே பொருந்தும். மனத்தில் ஓடிய படம், உணர்வு, முன்பு சொன்ன விளக்கம் ஆகியவற்றில் எதைக் காட்டினாலும் அதையும் இரண்டு விதமாகப் படிக்கலாம். எனவே ஒருவரை மட்டும் தனியே எடுத்துப் பார்த்தால், அவர் இதைத்தான் கருதினார் என்று காட்டும் உண்மை எதுவும் இல்லை. அவருடைய விடைகள் சமூகத்தின் விடைகளோடு ஒத்துப்போகும்போது அவருக்குக் கூட்டல் தெரியும் என்று ஏற்றுக்கொள்கிறோம், அவ்வளவே என்பது கிரிப்கி கண்ட முடிவு.

இது விளையாட்டுப் புதிர் அல்ல. விடைத்தாளில் சிவப்பு மையால் தவறு என்று எழுதும் ஆசிரியரின் உரிமை எங்கிருந்து வருகிறது என்ற கேள்வி இதற்குள் இருக்கிறது. பெரும்பான்மையினர் ஒத்துக்கொள்வதுதான் சரி என்றால், எல்லோரும் சேர்ந்து தவறு செய்ய முடியாதா?

கோர்டன் பேக்கரும் பீட்டர் ஹேக்கரும் 1984இல் கடுமையான மறுப்பு எழுதினார்கள். கிரிப்கி ஆதாரமாகக் காட்டும் 201ஆம் பத்தி அந்த முரண்புதிரைச் சொன்ன கையோடு அதை ஒரு தவறான புரிதல் என்று ஒதுக்கிவிடுகிறது. விதியைப் புரிந்துகொள்வது என்பது ஒவ்வொரு முறையும் அதற்கு விளக்கம் கூறுவதல்ல, அதன்படி நடப்பது என்றே அப்பத்தி தொடர்கிறது என்பது அவர்கள் வாதம். மூலத்தை எடுத்துப் பார்ப்பவருக்கு இது நியாயமாகவே படும். கிரிப்கியும் தாம் எழுதியது முழுக்க விட்கென்ஸ்டைன் கருத்து என்று உரிமை கோரவில்லை. அந்த வாதம் தம்மைத் தாக்கிய விதத்தையே எழுதுவதாகச் சொன்னார். அதனால்தான் இருவர் பெயரையும் ஒட்டி 'கிரிப்கென்ஸ்டைன்' என்று அழைக்கும் வழக்கம் ஏற்பட்டது. ஒட்டுப் பெயர் வேடிக்கையாக இருந்தாலும் பயனுள்ளது: யாருடைய வாதம் பேசப்படுகிறது என்பதில் குழப்பம் வராது.

கிரிப்கியை மறுத்தவர்களும் தங்களுக்குள் ஒத்துப்போகவில்லை. விதிக்குச் சமூகம் தேவை என்றார் விட்கென்ஸ்டைனின் மாணவர் நார்மன் மால்கம். ஒழுங்கான பழக்கம் இருந்தால் தனித்தீவில் வாழ்பவரும் விதியைப் பின்பற்றலாம் என்றனர் பேக்கரும் ஹேக்கரும். பிறகு பேக்கர் ஹேக்கரிடமிருந்தே விலகி வேறு வழியில் சென்றார்.

டிராக்டேட்டஸ் பற்றிய சண்டை

முதல் நூலைப் பற்றிய கருத்து வேறுபாடு இன்னும் பழையது. வியன்னா வட்டத்து அறிஞர்கள் அதை மீமெய்யியலை ஒழிக்கும் தருக்க நூலாகப் படித்தனர். அவர்களைச் சந்தித்தபோது விட்கென்ஸ்டைன் சில வேளைகளில் முதுகைக் காட்டி உட்கார்ந்து தாகூர் கவிதைகளைப் படித்தார். அவரது மனப்பாங்கைத் தாங்கள் தவறாகக் கணித்திருந்ததாகப் பின்னாளில் கார்னாப் எழுதினார். நூலின் நோக்கம் அறம் சார்ந்தது என்று 1919இலேயே விட்கென்ஸ்டைன் ஒரு பதிப்பாளருக்குக் கடிதம் எழுதியிருந்தார். யானிக்கும் டூல்மினும் 1973இல் அந்த வழியில் நூலை விளக்கினர். கோரா டைமண்ட், ஜேம்ஸ் கோனன்ட் ஆகியோர் மேலும் ஒரு படி சென்று, அந்நூல் எந்தக் கோட்பாட்டையும் கற்பிக்கவில்லை, ஏறியபின் தள்ளிவிட வேண்டிய ஏணி என்று அது தன்னைச் சொல்வதை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டும் என்றனர். ஹேக்கர் இதையும் ஏற்கவில்லை.

இந்தியாவிலும் இலங்கையிலும்

விட்கென்ஸ்டைனிடம் நேரடியாகப் பாடம் கேட்ட தெற்காசியர்கள் உண்டு. கே. ஜே. ஷா 1946–47இல் அவர் வகுப்புகளில் எடுத்த குறிப்புகள், பீட்டர் கீச், ஏ. சி. ஜாக்சன் ஆகியோரின் குறிப்புகளோடு 1988இல் நூலாயின. ஷா பின்னர் தார்வாரில் கர்நாடகப் பல்கலைக்கழகத்தில் கற்பித்தார். புருஷார்த்தங்களைப் பற்றியும் அர்த்தசாத்திரத்தைப் பற்றியும் சிந்தித்தார். விட்கென்ஸ்டைனுக்கு உரை எழுதுவதைவிட, அவரிடம் கற்ற முறையை நம் மரபின் சொற்கள்மேல் திருப்பியது அவருடைய சிறப்பு எனலாம்.

இலங்கையின் கே. என். ஜயதிலக்க (1920–1970) கேம்பிரிட்ஜில் விட்கென்ஸ்டைனிடம் பயின்று, பேராதனையில் பேராசிரியராக இருந்தவர். அவருடைய 'தொடக்ககால பௌத்த அறிவுக் கோட்பாடு' 1963இல் வந்தது. உலகம் முடிவுள்ளதா, இல்லையா போன்ற கேள்விகளுக்குப் புத்தர் விடை தராததை, கேள்வியின் சொல்லமைப்பே பழுதானது என்ற நோக்கில் அவர் ஆராய்ந்தார். 1977இல் கிறிஸ் குட்மன்சன், நாகார்ச்சுனரின் மாத்தியமிகத்தைப் பிற்கால விட்கென்ஸ்டைனோடு ஒப்பிட்டார். மேலைநாட்டவர் நாகார்ச்சுனரை ஒரு தலைமுறையில் காண்ட்டாகவும் மறு தலைமுறையில் விட்கென்ஸ்டைனாகவும் படித்து வந்ததை ஆண்ட்ரூ டக் 1990இல் எடுத்துக்காட்டினார்.

தமிழில் படிக்கும்போது

தமிழில் இவரைப் படிப்போருக்கு இரண்டு சொற்கள் தனிச் சிக்கல் தருகின்றன. ஒன்று 'பொருள்'. சொல்லின் அர்த்தமும் பொருள். கையில் எடுக்கும் பண்டமும் பொருள். ஒரு சொல்லின் அர்த்தம் அது சுட்டும் பண்டமே என்ற படத்தைத்தான் விட்கென்ஸ்டைன் தம் பிற்கால நூலின் முதல் பத்தியிலிருந்தே கலைக்கிறார். ஒருவர் இறந்தால் இறப்பது அவர்தான், அவர் பெயரின் அர்த்தம் அல்ல என்கிறார். இந்த வாதத்தைப் 'பொருள்' என்ற ஒரே சொல்லை வைத்து மொழிபெயர்த்தால் வாக்கியமே தடுமாறும். செருமன் சொல்லுக்கும் இத்தகைய சிக்கல் உண்டு: ஃபிரேகே அதே சொல்லைச் சுட்டப்படும் பண்டத்துக்கு வழங்கினார்.

மற்றொன்று 'விளையாட்டு'. ஆங்கிலத்தில் விதிகளோடு ஆடும் ஆட்டத்துக்கும் குழந்தை தன்பாட்டுக்கு விளையாடுவதற்கும் வெவ்வேறு சொற்கள். செருமனைப் போலவே தமிழில் இரண்டுக்கும் ஒரே சொல் போதும். கபடியும் விளையாட்டு, கடற்கரை மணலில் பிள்ளைகள் வீடு கட்டுவதும் விளையாட்டு. அந்த வகையில் தமிழ்ச் சொல் மூலத்துக்கு ஆங்கிலத்தைவிட நெருக்கமானது. ஆனால் 'விளையாட்டாகச் சொன்னேன்' என்ற வழக்கும் நம்மிடம் உண்டு. அந்த வாடையோடு 'மொழி விளையாட்டு' என்பதைப் படிப்பவர், சொற்களை வைத்து வேடிக்கை செய்வதைப் பற்றி விட்கென்ஸ்டைன் எழுதினார் என்று எண்ணிவிடக்கூடும். கொத்தனார் கல் கேட்பதும், உப்பளத்தில் பலகை கேட்பதும், வழிபடுவதும், கணக்குப் போடுவதும் அவருக்கு மொழி விளையாட்டுகளே.