தொழிற்பேட்டைக்கு நில எடுப்பு: நோட்டீஸ் வந்தால் கவனிக்க வேண்டியவை

கிணறும் தென்னையும் வைத்து மூன்று தலைமுறையாகப் பயிர் செய்த நிலமானாலும், தொழில் வளர்ச்சிக்குத் தேவை என்று அரசு முடிவு செய்தால் உரிமையாளர் சம்மதம் இல்லாமலே எடுத்துக்கொள்ளலாம். தமிழ்நாட்டில் இதற்கெனத் தனிச்சட்டம் உண்டு: தொழில் நோக்கங்களுக்கான நிலம் எடுப்புச் சட்டம், 1997. சிப்காட் வளாகங்களுக்குப் பெரும்பாலும் இதன்படியே நிலம் எடுக்கப்படுகிறது.

2013-ல் வந்த மத்திய நில எடுப்புச் சட்டம், தனியார் கம்பெனிக்காக எடுத்தால் பாதிக்கப்படும் குடும்பங்களில் 80 சதவீதம் பேரின் சம்மதம் வேண்டும் என்கிறது. சமூக பாதிப்பு ஆய்வும் கட்டாயம். மாநிலச் சட்டத்தில் இவை கிடையாது. இந்த மாநிலச் சட்டம் செல்லாது என்று 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே ஆண்டில் அரசு புதிய சட்டம் கொண்டுவந்து உயிர் கொடுத்தது. 2021 ஜூனில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டது. ஆக, சம்மதம் என்ற வாசல் சிறு விவசாயிக்கு அடைபட்டே இருக்கிறது. ஆனால் இழப்பீடும் மறுவாழ்வும் 2013 சட்டத்தின் அளவுப்படியே தரப்பட வேண்டும்.

முதலில் வருவது, நிலத்தை ஏன் எடுக்கக்கூடாது என்று காரணம் கேட்கும் நோட்டீஸ். இதை அலட்சியம் செய்பவர்களே அதிகம். குறித்த நாளுக்குள் எழுத்து மூலம் ஆட்சேபணை கொடுத்து, நகலில் முத்திரையுடன் ஒப்புதல் வாங்கி வைக்க வேண்டும். விசாரணைக்கு நேரில் போக வேண்டும். "நிலம் தரமாட்டோம்" என்று ஒரு வரி எழுதினால் போதாது. இருபோகம் விளைகிறதா, ஏரிப்பாசனமா, கிணறு எத்தனை அடி, பக்கத்தில் தரிசு இருக்கிறதா என்பதெல்லாம் மனுவில் வரவேண்டும். ஏனெனில் அதன்பின் அரசிதழில் அறிவிப்பு வெளியான அன்றே நிலம் அரசுடைமை ஆகிவிடும். ஒப்படைக்கும்படி உத்தரவு கிடைத்தால் 30 நாள்தான் அவகாசம்.

பட்டா தாத்தா பெயரிலேயே இருந்தால் சிக்கல்தான். பணம் வாங்கும் நேரத்தில் பங்காளித் தகராறு கிளம்பி, தொகை கோர்ட்டில் போய் உட்கார்ந்துவிடும். வாரிசுச் சான்றும் பட்டா மாறுதலும் இப்போதே செய்து கொள்வது நல்லது. அடங்கலில் மரங்களும் கிணறும் பதிவாகி உள்ளனவா என்று கிராம நிர்வாக அலுவலரிடம் பார்க்க வேண்டும். கிணறு, மரம், கட்டடம் எல்லாவற்றுக்கும் தனி மதிப்பு உண்டு. நிலத்தில் ஒரு பகுதி மட்டும் போய் மீதி துண்டுபட்டு, பாசனம் அறுபடும் என்றால் அதையும் எழுதிக் கேட்க வேண்டும்.

விலை எப்படி வருகிறது? அரசு வழிகாட்டி மதிப்பு ஒருபுறம். அக்கம்பக்கத்தில் கடந்த மூன்று ஆண்டுகளில் பதிவான கிரயங்களில் உயர்ந்த பாதியின் சராசரி மறுபுறம். இரண்டில் கூடுதலானதை எடுத்து, கிராமப்புறமானால் ஒன்று முதல் இரண்டு வரையிலான எண்ணால் பெருக்குகிறார்கள். அதற்குச் சமமாக ஆறுதல் தொகையும் சேரும். பெருக்கும் எண் 1.25 என்று வைத்துக்கொண்டால், ஏக்கர் 10 லட்சம் மதிப்புள்ள நிலத்துக்கு 25 லட்சம் ஆகிறது. முத்திரைச் செலவை மிச்சப்படுத்த ஊரில் எல்லோரும் கிரயத்தைக் குறைத்து எழுதிய பாவம் இங்கேதான் வந்து நிற்கும். சராசரியில் குறையும் ஒவ்வொரு லட்சத்துக்கும் இரண்டரை லட்சம் கைவிட்டுப் போகும்.

பேச்சுவார்த்தையில் தொகைக்குச் சம்மதித்துக் கையெழுத்திட்டால் அதுவே முடிவு. சம்மதம் இல்லையேல் கலெக்டர் நிர்ணயிப்பார். அதுவும் குறைவென்றால் கோர்ட்டுக்குப் போகலாம். அப்படிப் போக நினைப்பவர்கள் பணத்தை "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொண்டேன்" என்று எழுதி வாங்குவது வழக்கம்.

நிலம் இல்லாதவர்களையும் மறக்கக்கூடாது. மூன்று ஆண்டுகளாக அந்த நிலத்தை நம்பிப் பிழைத்த குத்தகைதாரரும் கூலித் தொழிலாளியும் 2013 சட்டப்படி பாதிக்கப்பட்ட குடும்பங்களே. வேலை, அல்லது ஒரே தடவையாக 5 லட்சம் ரூபாய், அல்லது 20 ஆண்டுகளுக்கு மாதம் 2,000 ரூபாய்க்குக் குறையாத தொகை என்பது அதில் உள்ள விதி. குத்தகை வாய்மொழியாக இருந்தால் நிரூபிப்பது கடினம். நெல் போட்ட ரசீது, கூட்டுறவுச் சங்கப் பயிர்க்கடன் சீட்டு, நூறு நாள் வேலை அட்டை எதுவானாலும் பத்திரப்படுத்தி வைத்து, கணக்கெடுப்புக்கு ஆள் வரும் நாளில் பெயரைச் சேர்க்கச் சொல்ல வேண்டும்.