உங்களுக்குத் தெரியுமா? தாராவியை மறுபடி பேச வைத்தவர்கள்

1992 டிசம்பரிலும் 1993 ஜனவரியிலும் நடந்த இந்து-முஸ்லிம் கலவரங்களில் மும்பையில் ஏறத்தாழ 900 பேர் மாண்டனர். தமிழர்கள் நிறைந்த தாராவியும் தப்பவில்லை. ராணுவமும் ஊரடங்கும் தீயை அணைக்கலாம்; பக்கத்து வீட்டுக்காரர் முகம் பார்த்துப் பேச வைப்பது அவற்றால் ஆகிற காரியமா?

அந்த வேலையைத் தோளில் போட்டுக்கொண்டவை மொஹல்லா கமிட்டிகள், அதாவது குடியிருப்புப் பகுதிக் குழுக்கள். முன்மாதிரி, அருகிலுள்ள பிவண்டி. 1984 கலவரத்தில் சிதைந்த அந்த ஊரில், 1988 முதல் காவல் அதிகாரி சுரேஷ் கோப்டே இரு மதத்தவரையும் தெருவாரியாகக் கூட்டி உட்கார வைத்தார். விளைவு, மும்பை எரிந்தபோது பிவண்டி அமைதி காத்தது! பிறகு மும்பையில் முன்னாள் காவல் அதிகாரி ஜூலியோ ரிபேரோ போன்றோர் இதைக் கையில் எடுத்தனர். வதந்தி கிளம்பினால் உறுப்பினர்கள் நேரில் போய் விசாரித்து, அங்கேயே அதை முறியடிப்பார்கள்.

தாராவியில் இதற்காக உழைத்த இருவர் சமூகப் பணியாளர் பாவு கோர்டே, ஆயத்த ஆடைத் தொழில் செய்த வக்கார் கான். நான்கு மதத்தவர்போல உடுத்திய சிறுவர்களைச் சேர்த்து நிறுத்திப் படமெடுத்து, 'நாம் எல்லோரும் ஒன்று' என்று இந்தியில் சுவரொட்டி அடித்தார் கான். எந்தக் கட்சித் தலைவரின் படமும் இல்லாத அந்தச் சுவரொட்டி, தாராவி தாண்டியும் பரவியது. இவர்களது நட்பைச் சொல்லும் ஆவணப்படம் 'நாதா' (2003). இயக்கியவர்கள் அஞ்சலி மொன்டேரோ, கே.பி. ஜெயசங்கர்.