மீண்டும் எடுக்க முடியாத காட்சி

பிழைப்பு நாடி நாகலாபுரத்தில் குடியேறிய நம் இல்லங்களில் மாலை வேளையில் தொலைக்காட்சி பேசாத வீடு அரிது. திரையில் தோன்றும் முகங்களை நாம் அறிவோம். அவற்றின் பின் உழைக்கும் கைகளை அறியோம். பிழை நேர்ந்தால் திருத்த வழியே இல்லாதிருந்த தொடக்க காலத்தில் அக்கைகள் பட்ட பாட்டை இங்கே சிறிது காண்போம்.

இந்தியாவில் 1959 செப்டம்பர் 15-ஆம் நாள் டில்லியில் தொலைக்காட்சி சோதனை முயற்சியாகத் தொடங்கிற்று. வானொலிக் கட்டடத்தில் தற்காலிகமாக அமைத்த கூடமும், சிறியதோர் ஒளிபரப்புக் கருவியுமே அதன் மூலதனம். நாள்தோறும் ஒளிபரப்பு 1965-இல் வந்தது. சென்னை நிலையம் 1975 ஆகஸ்டு 15-இல் பிறந்தது.

படத்தைக் காந்த நாடாவில் பதியும் கருவியை அமெரிக்காவின் ஆம்பெக்ஸ் நிறுவனம் 1956-இல்தான் வெளிக்கொணர்ந்தது. அதுவரை உலகெங்கும் நாடகங்கள் பெரும்பாலும் நடிக்கும்போதே வீடுகளுக்குச் சென்றன.

கூடத்தில் காமிராக்கள் கனத்த வடங்களை இழுத்துக்கொண்டு நகரும். ஒன்றின் வடம் மற்றொன்றின் வழியில் குறுக்கிட்டால் காட்சி கெடும். ஆதலின் ஒவ்வோர் அசைவும் முன்னரே வகுக்கப்படும். தனியறையில் அமர்ந்த இயக்குநர், எல்லாக் காமிராக்களின் படங்களையும் ஒருங்கே நோக்கி, எதை வெளியே அனுப்புவதென்று கணந்தோறும் முடிவு செய்வார். அந்தக் காமிராவின் முகப்பில் சிவப்பு விளக்கு எரியும். தளப் பொறுப்பாளரோ வாய் திறக்கலாகாது. காதில் கேட்ட ஆணையைக் கைச்சைகையால் நடிகருக்கு உணர்த்துவார். கார்டின் கொடிக்குப் புறப்பட்ட வண்டியாவது அடுத்த நிலையத்தில் நிற்கும். தொடங்கிய நிகழ்ச்சிக்கு இடையில் நிற்க இடமில்லை.

1958 நவம்பர் 30 அன்று இங்கிலாந்தில் ‘அண்டர்கிரவுண்ட்’ என்னும் நாடகம் நேரடியாக ஒளிபரப்பாகிக் கொண்டிருந்தது. இரு காட்சிகளுக்கு இடையே காரெத் ஜோன்ஸ் என்னும் இளம் நடிகர் மாரடைப்பால் வீழ்ந்து உயிர் நீத்தார். உடன் நடித்தோர் அவர் இல்லாத குறையைத் தம் பேச்சால் நிரப்பி நாடகத்தை முடித்தனர். அவர்கள் திறமையை வியக்கிறோம். ஆயினும் ஓர் உயிர் போன பின்னும் ஆட்டம் நில்லாதது முறையா என்று நம் நெஞ்சம் வருந்துகிறது.

அக்கால நிகழ்ச்சிகளுள் மிகப்பல பதிவின்றி மறைந்தன. அவற்றுக்காக உழைத்தோரின் பெயர்களும் பெரும்பாலும் மறைந்தன. இன்று நம் பிள்ளைகள் கைப்பேசியில் ஒரே காட்சியைப் பத்து முறை எடுத்துப் பார்க்கிறார்கள். அது நல்ல வசதியே. ஆயினும் நேரடி ஒளிபரப்பில் ஒருவர் சொல் தடுமாறும்போது நாம் நகையாதிருப்போமாக. அந்தக் கணத்தில் அவரைக் காக்கக் கண்ணுக்குத் தெரியாத பலர் விரைந்துகொண்டிருப்பர்.