பேனாக்காரர்

திரைப்படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கும்போது, அரங்கில் பெரும்பாலோர் எழுந்து வாயிலை நோக்கி நடந்துகொண்டிருப்பர். துணைப் பாத்திரங்களில் நடித்தோரின் பெயர்கள் அந்நேரத்தில்தான் திரையில் வரும். முகம் நினைவில் நிற்கும்; பெயர் நிற்பதில்லை. தமிழ்த் திரையில் ஏறத்தாழப் பதினான்கு ஆண்டுகள் அவ்வாறு முகத்தால் மட்டுமே அறியப்பட்டவர் ராமு. அவருடைய பெயருக்கு முன்னால் நின்ற ‘பூ’ என்னும் சொல்லும் அவர் நடித்த திரைப்படம் ஒன்று தந்ததே.

ராமு வீதி நாடகக் கலைஞர். தமிழ்நாடு முற்போக்கு எழுத்தாளர் கலைஞர்கள் சங்கத்தோடு நெருங்கிய தொடர்புடையவர். வீதி நாடகத்திற்குத் திரையில்லை, மேடையில்லை, நுழைவுச் சீட்டும் இல்லை. ஜவ்வாதுமலையின் நெல்லிவாசல்நாடு போன்ற மலையூரானாலும் கதிரடிக்கும் களம் ஒன்று இருந்தால் போதும். பறையை முழக்கினால் மக்கள் வட்டமாகக் கூடிவிடுவர். நடிகரைச் சுற்றி நான்கு புறமும் பார்வையாளர் இருப்பதால் அவர் யாருக்கும் முதுகு காட்டாமல் நிற்க இயலாது. ஒலிபெருக்கியின்றிக் கடைசி வரிசை வரை குரல் எட்ட வேண்டும். பிடிக்கவில்லையெனில் மக்கள் எழுந்து போய்விடுவர். 1989ஆம் ஆண்டின் முதல் நாளில், தில்லியை அடுத்த சாகிபாபாத்தில் வீதி நாடகம் நடத்திக்கொண்டிருந்த சப்தர் ஹாஷ்மி தாக்கப்பட்டு மறுநாள் உயிரிழந்தார் என்பதை எண்ணினால், இக்கலை வெறும் பொழுதுபோக்காக இருந்ததில்லை என்பது விளங்கும்.

இத்தகைய பயிற்சி பெற்றவருக்குத் திரைப்படக் கருவி முதலில் தடையாகவே அமையக்கூடும். வீதியில் கையை வீசிச் சொல்ல வேண்டியதை, அண்மைக் காட்சியில் இமையின் ஓர் அசைவே சொல்லிவிடும். சற்றே மிகுந்தாலும் நடிப்பு செயற்கையாகத் தோன்றும். வீதியில் கற்ற குரலை அடக்கவும், ஆனால் அக்குரலின் உறுதியை இழக்காதிருக்கவும் ராமு அறிந்திருந்தார்.

எழுத்தாளர் ச. தமிழ்ச்செல்வனின் ‘வெயிலோடு போய்’ என்னும் சிறுகதையைத் தழுவி, சசி இயக்கிய ‘பூ’ 2008இல் வெளிவந்தது. அதில் ராமு ஏற்றது பேனாக்காரர் என்று ஊரார் அழைக்கும் மாட்டுவண்டிக்காரரின் பாத்திரம். மகன் படித்து உயர வேண்டும் என்னும் அந்தத் தந்தையின் வேட்கையே கதைத்தலைவி மாரியின் கனவுக்குக் குறுக்கே நிற்கிறது. எளிதில் கொடியவராகிவிடக்கூடிய பாத்திரம் அது. ராமுவின் நடிப்பிலோ அவர்மீது சினமும் இரக்கமும் ஒருசேர எழுகின்றன.

அதன்பின் அவருக்கு வாய்த்தவை பெரும்பாலும் தந்தை வேடங்கள். ‘நீர்ப்பறவை’யில் (2012) கடலோரத் தந்தை, ‘தங்க மீன்க’ளில் (2013) ஓய்வுபெற்ற நல்லாசிரியர், ‘கர்ண’னில் (2021) கதைத்தலைவனின் தந்தை. ஒரே வகை வேடத்திற்குள் ஒருவரை அடைத்துவிடுவது திரையுலகின் பழைய வழக்கம். அந்த அடைப்புக்குள்ளும் ஒரு தந்தையைப் போல் மற்றொரு தந்தை இராதபடி அவர் பார்த்துக்கொண்டார்.

மாரி செல்வராஜ் இயக்கிய ‘பரியேறும் பெருமா’ளில் (2018) அவர் தந்தையாக வரவில்லை, சட்டக் கல்லூரி முதல்வராக வருகிறார். சாதியின் பெயரால் இழிவுபடுத்தப்பட்ட மாணவன் அவர்முன் நிற்கிறான். தம் தந்தை செருப்புத் தைத்தவர் என்பதையும், படிக்க வந்த தம்மை விரட்டியடித்தோரே இன்று தம்மைக் கைகூப்பி வணங்குவதையும் அவர் அவனிடம் கூறுகிறார். படத்தில் அவர் தோன்றும் நேரம் குறைவு, அழுகை இல்லை, முழக்கமும் இல்லை. நாற்காலியில் அமர்ந்த ஒரு மனிதர் தம் பழைய காயத்தை ஒரு மாணவனுக்குப் பயன்படும் செய்தியாக மாற்றிச் சொல்கிறார், அவ்வளவே. ஆயினும் படம் பார்த்தோர் பலருக்கும் நினைவில் தங்கிவிட்ட காட்சிகளுள் அதுவும் ஒன்று. அதே படத்தில் பரியனின் தந்தையாக நடித்த நெல்லை தங்கராசு, வாழ்க்கையிலும் பெண் வேடமிட்டு ஆடிய நாட்டுப்புறக் கலைஞர். ஒருவர் வீதியிலிருந்தும் மற்றவர் கூத்துக்களத்திலிருந்தும் வந்து அப்படத்தைத் தாங்கினர் எனலாம்.

சுதா கொங்கரா இயக்கிய ‘சூரரைப் போற்று’ (2020) படத்தில் ராமு, ஊர் நலனுக்காக மனு எழுதிக்கொண்டே இருக்கும் ஆசிரியர். மகனின் போராட்ட வழியை ஏற்காதவர். வானூர்தியில் செல்லப் பணமின்றித் தவிக்கும் மகன், தந்தையின் இறுதி நேரத்தில் வந்து சேர இயலாது போகிறான். பிற்பகுதியில் அந்த மகன் படும் பாடு அனைத்திற்கும் இந்த இழப்பே வேர். தந்தையின் பாத்திரம் வலுவின்றிப் போயிருப்பின் கதையே வலுவிழந்திருக்கும். 2022 சூலை 22ஆம் நாள் அப்படத்திற்கு ஐந்து தேசிய விருதுகள் அறிவிக்கப்பட்டன. ராமு அதற்கு ஏறத்தாழ ஒரு மாதம் முன்னரே, சூன் 27ஆம் நாள், மாரடைப்பால் சென்னையில் காலமாகியிருந்தார்.

அவர் நடித்து முடித்தவை பின்னரும் வந்துகொண்டிருந்தன. லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் மலையாளப் படமான ‘நண்பகல் நேரத்து மயக்கம்’ 2023 சனவரியில் திரைக்கு வந்தது. காணாமற்போன மகனாகவே நடந்துகொள்ளும் அயலார் ஒருவர் தம் வீட்டிற்குள் நுழைவதைக் காணும் முதிய தந்தை வேடம் அதில் அவருக்கு. வாழ்நாளெல்லாம் துணைப் பாத்திரங்களில் நின்றவருக்கு முதன்மைப் பாத்திரம் அளித்தது ரா. வெங்கட்டின் ‘கிடா’. தீபாவளிக்குப் பேரனுக்குப் புத்தாடை வாங்கப் பணமில்லாமல், தெய்வத்திற்கு நேர்ந்துவிட்ட ஆட்டை விற்க அலையும் தாத்தாவாக நடித்திருந்தார். அப்படம் 2022இல் கோவாவில் நடந்த இந்தியப் பன்னாட்டுத் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டு, மறு ஆண்டு தீபாவளியையொட்டித் திரையரங்குகளுக்கு வந்தது.