சமரச மையம்

பாகப்பிரிவினை கோரித் தங்கை வழக்குத் தொடுக்கிறாள், அண்ணன் பிரதிவாதி. வழக்கு ஏடுகளில் இருப்பவை புல எண்ணும் பரப்பளவும் பங்குக் கணக்குமே. தந்தையின் மருத்துவச் செலவை யார் ஏற்றார், தாயை இனி யார் பேணுவார், புதுமனை புகுவிழா அழைப்பிதழில் தங்கையின் பெயர் ஏன் விடுபட்டது என்பவற்றிற்கு அங்கே இடமில்லை. பகைக்கு வேர் பெரும்பாலும் இவைதாம். தீர்ப்பு நிலத்தைப் பிரிக்கும், வேரைத் தொடாது.

இத்தகைய வழக்குகளைப் பேசித் தீர்க்குமாறு நீதிமன்றமே அனுப்பிவைக்கும் இடம் சமரச மையம். 2002 முதல் நடைமுறையில் உள்ள, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 89-ஆம் பிரிவு இதற்கு வழிவகுக்கிறது. நீதிமன்றத்துடன் இணைந்த இந்தியாவின் முதல் சமரச மையம் 2005 ஏப்ரல் 9 அன்று சென்னை உயர் நீதிமன்றத்தில் தொடங்கப்பெற்றது. மணவாழ்க்கைப் பூசல்களிலோ, இணக்கத்திற்கு முயல்வதை நீதிபதியின் கடமையாகவே குடும்ப நீதிமன்றங்கள் சட்டம் 1984-இல் விதித்தது. அவற்றைச் சமரசத்திற்கு அனுப்ப வேண்டும் என்பதை உச்ச நீதிமன்றம் 2013-இல் மீண்டும் வலியுறுத்தியது.

ஆலமரத்தடியில் நாட்டாமை தீர்ப்புச் சொல்வார். ஊர் முழுதும் கேட்டிருக்கும். சமரசர் தீர்ப்புச் சொல்வதில்லை; அவருடைய அறைக்குள் ஊருக்கும் இடமில்லை. முதலில் இரு தரப்பையும் ஒருங்கே அமர்த்திக் கேட்கிறார். பின்னர்த் தனித்தனியே பேசுகிறார். தனி அமர்வில் ஒருவர் மறைவாகக் கூறியதை, அவர் இசைவின்றி மற்றவருக்குச் சொல்வதில்லை. நீதிபதிக்கும் உரையாடல் விவரங்கள் செல்லா. உடன்பாடு ஏற்பட்டதா, இல்லையா என்பது மட்டுமே செல்லும். நீதிமன்றக் கூண்டில் திறவாத வாய் இங்கே திறப்பது இந்த உறுதியால்தான். பங்கைவிடத் தாயைப் பார்க்கத் தடையின்றி வந்துபோவதே தனக்குப் பெரிது என்று தங்கை சொல்லக்கூடும்.

சமரசர் விழிப்பாக இருக்கவேண்டிய இடமும் அதுவே. மூதாதையர் சொத்தில் மகனுக்கு நிகரான பங்கை, மணமாகாத மகள்களுக்குத் தமிழ்நாடு 1989-இலேயே வழங்கியது. 2005-ஆம் ஆண்டுத் திருத்தம் அவ்வுரிமையை நாடெங்கும், மணமான மகள்களுக்கும் விரித்தது. பிறந்த வீட்டு உறவு அறுந்துவிடுமோ என்னும் அச்சத்தால் அப்பங்கை அவள் கைவிட்டால், அது சமரசம் அன்று. பழைய வழக்கம் புதிய அறையில் தொடர்கிறது, அவ்வளவே. கணவனின் அடிக்கு அஞ்சும் மனைவியை 'அனுசரித்துப் போ' என்று திருப்பி அனுப்புவதும் அத்தகையதே. இருவரும் அச்சமின்றி மறுக்கக்கூடிய நிலையில்தான் இசைவுக்கு மதிப்புண்டு.

எட்டிய உடன்பாடு எழுதப்பெற்று, இரு தரப்பும் கையொப்பமிட்டபின் நீதிமன்றத்திற்குச் செல்கிறது. அதனடிப்படையில் நீதிமன்றம் தீர்ப்பாணை வழங்குகிறது. உடன்பாடு எட்டப்படாவிடில் வழக்கு விட்ட இடத்திலிருந்து தொடரும். சமரச அறையில் அண்ணன் ஒப்புக்கொண்ட எதையும் தங்கை அங்கே சான்றாகக் காட்ட இயலாது. தங்கை விட்டுக்கொடுக்க முன்வந்ததை அண்ணனும் காட்ட இயலாது.